எய்தவன் இருக்க அம்பை நோவதா? கம்பெனி செய்த குற்றத்துக்குக் கூண்டில் நிற்பது யார்?

உணவுப் பாதுகாப்பு அலுவலர் கடைக்கு வருகிறார். அலமாரியில் உள்ள மசாலாப் பாக்கெட்டை மாதிரிக்கு எடுத்துச் செல்கிறார். அந்தப் பாக்கெட் ஆலையிலேயே அடைத்து, ஒட்டி, அச்சிட்டு வந்தது. கடைக்காரர் அதைப் பிரித்துக்கூடப் பார்த்ததில்லை. சில வாரங்களில் 'பாதுகாப்பற்றது' என்று ஆய்வறிக்கை வருகிறது. நோட்டீஸ் கடைக்காரர் கைக்கு வருகிறது.

"அரைத்தவன் ஒருவன், அடைத்தவன் ஒருவன், கோர்ட்டுக்கு நடப்பது நாமா?" என்ற வருத்தம் வணிகர்கள் கூடும் இடமெல்லாம் கேட்கும் பேச்சு. அந்த வருத்தத்தில் நியாயம் உண்டு. அதே சமயம் இன்னொரு உண்மையும் உண்டு. கம்பெனியைக் கூண்டில் ஏற்றச் சட்டத்தில் வழி இருக்கிறது. அந்த வழி ஒரே நாளில் வந்துவிடவில்லை. பல நாடுகளில் நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் வழக்காடி வந்தது. அதே சட்டம் நம்மையும் எங்கே பிடிக்கும், எங்கே விடுவிக்கும் என்பதையும் நாம் தெரிந்துகொள்வது அவசியம். அதைத்தான் இந்தக் கட்டுரையில் பார்க்கப்போகிறோம்.

உடல் இல்லாத ஆள்

கம்பெனி என்பது சட்டம் உண்டாக்கிய ஓர் ஆள். அதன் பெயரில் நிலம் வாங்கலாம், கடன் வாங்கலாம், வழக்குப் போடலாம். ஷேர் வைத்திருப்பவர்கள் மாறினாலும், நிர்வாகிகள் காலமானாலும், கம்பெனி நிற்கும். இந்த ஆள் கடன் பாக்கி வைத்தால் சொத்தை ஜப்தி செய்யலாம். அதில் சிக்கல் இல்லை. குற்றம் செய்தால்தான் சிக்கல்.

கிரிமினல் சட்டம் பொதுவாக இரண்டைத் தேடும். ஒன்று குற்றச் செயல். மற்றொன்று குற்ற மனம். கம்பெனிக்குச் செய்யக் கையும் இல்லை, நினைக்க மனமும் இல்லை. தண்டனை என்று வந்தால் சிறைக்கு அனுப்ப உடலும் இல்லை. ஆகவே கம்பெனி மேல் கிரிமினல் வழக்கே நடக்காது என்றுதான் இங்கிலாந்தில் நெடுங்காலம் நினைத்திருந்தார்கள்.

ரயில்வே கம்பெனிகள் வந்த பிறகு அந்த எண்ணம் மாறிற்று. 1842இல் பர்மிங்காம் - குளோஸ்டர் ரயில்வே மீதும், 1846இல் கிரேட் நார்த் ஆஃப் இங்கிலாண்ட் ரயில்வே மீதும் வழக்குகள் நடந்தன. சட்டம் செய்யச் சொன்னதைச் செய்யாமல் விட்டாலும் சரி, செய்யக்கூடாததைச் செய்தாலும் சரி, கம்பெனியின் பெயரிலேயே குற்றம் சாட்டலாம் என்று அவற்றில் முடிவாயிற்று.

சர்க்கரை வாடகையில் ரகசியத் தள்ளுபடி

அடுத்த பெரிய அடி அமெரிக்காவில் வைக்கப்பட்டது. அது நம்மைப் போன்ற வியாபாரிகளின் பிரச்சினையில் பிறந்த வழக்கு. அங்கே ரயில்வே கம்பெனிகள் சரக்கு வாடகையை வெளிப்படையாக அறிவிக்க வேண்டும். அறிவித்த வாடகையையே எல்லோரிடமும் வாங்க வேண்டும். ரகசியத் தள்ளுபடி கொடுப்பது 1903ஆம் ஆண்டின் எல்கின்ஸ் சட்டப்படி குற்றம். நியூயார்க் சென்ட்ரல் ரயில்வே கம்பெனி, அமெரிக்கன் சுகர் ரிஃபைனிங் என்ற பெரிய சர்க்கரைக் கம்பெனிக்கு மட்டும் வாடகையில் ஒரு பகுதியைப் பின்னால் திருப்பிக் கொடுத்தது. மற்றவர்கள் முழு வாடகை கட்டிச் சர்க்கரை அனுப்பினார்கள். வாடகையிலேயே விலை வித்தியாசம் வந்துவிட்டால் சிறியவர் எப்படிப் போட்டி போடுவது?

வழக்கில் ரயில்வே ஒரு சாமர்த்தியமான வாதம் வைத்தது. தள்ளுபடி கொடுத்தது எங்கள் அதிகாரி. அபராதம் விதித்தால் பணம் போவதோ ஒன்றும் அறியாத ஷேர்தாரர்களுக்கு. இது நியாயமா என்று கேட்டது. 1909இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. நாட்டின் வியாபாரத்தில் பெரும்பகுதி கம்பெனிகள் கையில் இருக்கிறது. அவற்றைத் தண்டிக்க முடியாது என்றால் சட்டம் போட்டும் பயனில்லை என்ற கருத்தில் தீர்ப்பு வந்தது. கம்பெனி வேலையாகக் கம்பெனியின் ஆள் செய்தது, கம்பெனியே செய்தது. அமெரிக்காவில் இன்றும் இதுவே அடிப்படை.

தப்பிய பெரிய கடை, சிக்கிய சிறு கம்பெனி

இங்கிலாந்தில் வேறு வழியில் யோசித்தார்கள். அதற்கு உதாரணம் ஒரு மளிகைச் சாமான் வழக்குதான். 1969இல் நார்த்விச் என்ற ஊரில் இருந்த டெஸ்கோ கடையில் 'ரேடியன்ட்' சலவைத் தூள் 3 ஷில்லிங் 11 பென்ஸுக்குப் பதிலாக 2 ஷில்லிங் 11 பென்ஸ் என்று விளம்பரம் ஒட்டியிருந்தார்கள். தள்ளுபடிப் பாக்கெட் தீர்ந்துவிட்டது. கடைப் பெண் ஒருவர் சாதாரணப் பாக்கெட்டை எடுத்து அடுக்கிவிட்டார். மேனேஜர் சரிபார்க்கவில்லை. வாங்க வந்தவரிடம் முழு விலை வசூலித்தார்கள். பொய் விளம்பரம் என்று வழக்கு.

பிறர் தவறால் நேர்ந்தது, நாங்கள் வேண்டிய எச்சரிக்கை எடுத்திருந்தோம் என்று காட்டினால் அந்தச் சட்டத்தில் விடுதலை உண்டு. 1971இல் பிரபுக்கள் சபை நீதிமன்றம் என்ன சொல்லிற்று? நூற்றுக்கணக்கான கிளைகள் உள்ள கம்பெனியில் கிளை மேனேஜர் கம்பெனியின் மூளை ஆகமாட்டார். தலைமையிடத்தில் முடிவெடுப்பவர்களே மூளை. எனவே மேனேஜர் 'பிறர்'தான் என்றது. டெஸ்கோ தப்பியது. அதே தவறு ஒற்றைக் கடையில் முதலாளியின் கையால் நடந்திருந்தால், 'பிறர்' என்று சுட்டிக்காட்ட ஆள் இருந்திருக்காது.

உயிர்ச்சேத வழக்குகளில் இந்த வித்தியாசம் இன்னும் பளிச்சென்று தெரிந்தது. 1987இல் ஒரு பெரிய கம்பெனியின் பயணிகள் கப்பல், முன்கதவை மூடாமல் கிளம்பிக் கவிழ்ந்து 193 பேர் இறந்தனர். கம்பெனி மேல் போட்ட கொலைக்குற்ற வழக்கு 1990இல் பாதியிலேயே விழுந்தது. தவறு பல கைகளில் பரவிக் கிடந்தது. தலைமையில் இருந்த எந்த ஒருவர் மேலும் முழுதாக நிறுத்த முடியவில்லை. 1993இல் லைம் வளைகுடாவில் படகுப் பயிற்சிக்குப் போன நான்கு மாணவர்கள் இறந்தார்கள். பயிற்சி நடத்தியது ஒரு சின்னக் கம்பெனி. நிர்வாக இயக்குநரே எல்லாவற்றையும் நேரில் பார்ப்பவர். 1994இல் அந்தக் கம்பெனிக்கு அபராதம், அவருக்குச் சிறை. இவ்வகைக் குற்றத்தில் அந்நாட்டில் தண்டிக்கப்பட்ட முதல் கம்பெனி அதுதான். எளிய கம்பெனி எளிதில் சிக்கியது. அடுக்கடுக்கான கம்பெனி தப்பியது.

இந்த ஓட்டையை அடைக்கத்தான் 2007இல் கம்பெனிகளின் உயிர்ச்சேதக் குற்றத்துக்கென்றே அங்கு தனிச் சட்டம் வந்தது. பொருளாதாரக் குற்றங்களில் மூத்த மேனேஜர் செய்தாலும் கம்பெனி பொறுப்பு என்று 2023இல் இன்னொரு சட்டம் விரித்தது.

குடோனில் எலி

மேலே இருப்பவர் "எனக்குக் கீழே ஆள் போட்டிருக்கிறேன்" என்று சொல்லிவிட்டால் போதுமா? அமெரிக்காவில் ஏக்மி மார்க்கெட்ஸ் என்ற உணவுப்பொருள் கடைத் தொடருக்கு 874 கடைகள், 36,000 பணியாளர்கள் இருந்தார்கள். 1970இல் ஃபிலடெல்ஃபியா குடோனில் சுகாதாரக் கேடு இருப்பதாக அரசு அதிகாரிகள் தலைவருக்குக் கடிதம் எழுதினார்கள். 1971இல் பால்டிமோர் குடோனிலும் எலி நடமாட்டம். 1972இல் மறுபடி பார்த்தபோது ஓரளவு சீரடைந்திருந்தாலும் எலி போகவில்லை. வழக்கில் கம்பெனி குற்றத்தை ஒப்புக்கொண்டது. தலைவரோ, நம்பிக்கையான ஆட்களிடம் பொறுப்பை ஒப்படைத்திருந்தேன் என்றார்.

1975இல் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. சாப்பாட்டுச் சாமான் வியாபாரத்தில், தவறைத் தடுக்கவும் திருத்தவும் அதிகாரம் உள்ளவர் அதைச் செய்யத் தவறினால் அவரும் குற்றவாளியே என்றது. அபராதம் ஐந்து குற்றங்களுக்கும் தலா 50 டாலர்தான். தொகை சிறிது, பாடம் பெரிது. உணவுப் பொருள் விற்பவர் மேல் சட்டம் வைக்கும் எதிர்பார்ப்பு மற்ற வியாபாரிகளைவிடக் கூடுதல்.

சீனாவில் இதைவிடக் கடுமையான காட்சி. 2008இல் சான்லு என்ற பால்பவுடர் கம்பெனியின் சரக்கில் மெலமைன் கலந்திருந்தது. தண்ணீர் சேர்த்த பாலில் புரதம் அதிகம் இருப்பதுபோல் காட்டக் கொள்முதல் மட்டத்தில் கலந்த வேதிப்பொருள் அது. அந்த ஆண்டு பல கம்பெனிகளின் கலப்படப் பால்பவுடரால் ஏறத்தாழ 3 லட்சம் குழந்தைகள் பாதிக்கப்பட்டார்கள். ஆறு குழந்தைகள் இறந்ததாக அரசே சொன்னது. 2009இல் சான்லுவுக்கு ஏறக்குறைய 5 கோடி யுவான் அபராதம். அதன் தலைவிக்கு ஆயுள் சிறை. அதற்குள் கம்பெனி திவாலாகியிருந்தது. திவாலான கம்பெனிக்கு அபராதம் போட்டு என்ன பயன்? கம்பெனியோடு ஆளையும் சேர்த்துப் பிடிக்க வேண்டும் என்று சட்டங்கள் சொல்வதற்குக் காரணம் இதுதான்.

நம் நாட்டில் நடந்தது

நம் பழைய இந்திய தண்டனைச் சட்டம் 11ஆம் பிரிவிலேயே 'ஆள்' என்ற சொல்லில் கம்பெனியையும் சேர்த்திருந்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவிலும் அப்படியே. ஆனால் ஒரு முடிச்சு இருந்தது. சில குற்றங்களுக்குச் சிறையும் அபராதமும் இரண்டும் கட்டாயம். கம்பெனியைச் சிறைக்கு அனுப்ப முடியாதே, அப்போது வழக்கே செல்லாதா? 2003இல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு, பெரும்பான்மையாகச் செல்லாது என்றது.

இதன் விளைவைப் பாருங்கள். அந்நியச் செலாவணி ஒழுங்குமுறைச் சட்டத்தில் ஒரு லட்சம் ரூபாய்க்கு மேற்பட்ட குற்றத்துக்குச் சிறை கட்டாயம். அதற்குக் குறைந்தால் அபராதம் மட்டும் போட்டாலும் போதும். அப்படியானால் சிறு குற்றம் செய்த கம்பெனி மாட்டும், பெரும் குற்றம் செய்த கம்பெனி தப்பும்! 2005இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில் இதை மாற்றியது. சிறை முடியாவிட்டால் அபராதத்தை விதி என்றது. 2010இல் இன்னொரு வழக்கில், மோசடி போன்ற குற்ற மனம் தேவைப்படும் குற்றத்துக்கும் கம்பெனி மேல் வழக்குத் தொடரலாம். அதை நடத்துபவர்களின் மனமே கம்பெனியின் மனம் என்று தெளிவாயிற்று. 2015இல் மறுபக்கத்தையும் நீதிமன்றம் சொன்னது: கம்பெனி குற்றம் செய்தது என்பதாலேயே அதன் இயக்குநர் குற்றவாளி ஆகிவிடமாட்டார், அவருடைய பங்குக்கு ஆதாரம் வேண்டும், அல்லது சட்டத்தில் அப்படி ஒரு பிரிவு இருக்க வேண்டும்.

போபாலை மறக்க முடியுமா? 1984 டிசம்பர் 2-3 இரவில் யூனியன் கார்பைட் இந்தியா ஆலையின் விஷவாயு ஆயிரக்கணக்கானோரைக் கொன்றது. தீர்ப்பு வந்தது 2010 ஜூன் 7இல். அலட்சியத்தால் மரணம் விளைவித்த குற்றத்துக்கு, உயிரோடிருந்த ஏழு இந்திய அதிகாரிகளுக்கு இரண்டு ஆண்டுச் சிறை. கம்பெனிக்குச் சுமார் 5 லட்சம் ரூபாய் அபராதம். அமெரிக்கத் தாய்க் கம்பெனி கோர்ட்டுக்கே வரவில்லை. தலைமறைவு என்று அறிவிக்கப்பட்டது. அதன் அன்றைய தலைவர் வாரன் ஆண்டர்சன் 2014இல் காலமானார்.

எல்லை தாண்டினால்

போபால் காட்டும் கேள்வி இது: ஒரு நாட்டின் கம்பெனி இன்னொரு நாட்டில் செய்த குற்றத்தை விசாரிப்பது யார்? உலக நீதிமன்றங்களில் இதற்கு இன்னும் முழுமையான பதில் இல்லை.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் நியூரம்பர்க்கில் ஐ.ஜி. ஃபார்பன் என்ற ஜெர்மன் இரசாயனக் கம்பெனியின் நிர்வாகிகள் மேல் வழக்கு நடந்தது. 1948இல் 13 பேர் தண்டிக்கப்பட்டார்கள். கம்பெனி கூண்டில் நிற்கவில்லை. வியாபாரிகளான நாம் அறிய வேண்டிய இன்னொரு வழக்கு 1946இல் ஹாம்பர்க் நகரில் நடந்தது. டெஸ்ஷ் அண்ட் ஸ்டாபெனோ என்பது பூச்சி, எலி ஒழிக்கும் விஷவாயுவை வாங்கி விற்ற விநியோகக் கம்பெனி. அந்த வாயு ஆஷ்விட்ஸ் முகாமில் மனிதர்களைக் கொல்லப் பயன்பட்டது. பூச்சிமருந்து என்றுதான் விற்றோம் என்றார்கள். எதற்குப் போகிறது என்று தெரிந்தே விற்றார்கள் என முடிவு செய்து, உரிமையாளருக்கும் அவருக்கு அடுத்த நிலையில் இருந்தவருக்கும் நீதிமன்றம் தூக்குத் தண்டனை விதித்தது. மூன்றாவதாக நிறுத்தப்பட்ட தொழில்நுட்ப ஊழியர் விடுதலையானார். தெரிந்து விற்பவன், 'நான் விற்றேன், அவ்வளவுதான்' என்று கை கழுவ முடியாது.

1998இல் ரோம் நகரில் பன்னாட்டுக் குற்றவியல் நீதிமன்றத்துக்கான உடன்படிக்கை உருவானபோது கம்பெனிகளையும் சேர்க்க வேண்டும் என்று ஃபிரான்ஸ் கேட்டது. நாடுகள் ஒத்துக்கொள்ளவில்லை. அந்த நீதிமன்றம் மனிதர்களை மட்டுமே விசாரிக்கும். ஆகவே கம்பெனிகளைப் பிடிப்பது இன்றும் அந்தந்த நாட்டுச் சட்டம்தான். சிரியாவில் சிமெண்ட் ஆலை ஓடுவதற்காகப் பயங்கரவாதக் கும்பல்களுக்குப் பணம் கொடுத்ததை லஃபார்ஜ் என்ற ஃபிரெஞ்சு சிமெண்ட் கம்பெனி 2022இல் அமெரிக்க நீதிமன்றத்தில் ஒப்புக்கொண்டு, சுமார் 77.8 கோடி டாலர் கட்ட நேர்ந்தது.

நம் கடைக்கு வருவோம்

1954ஆம் ஆண்டின் உணவுக் கலப்படத் தடைச் சட்டம் 2011இல் விலக்கப்பட்டு, 2006ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு மற்றும் தரங்கள் சட்டம் நடைமுறைக்கு வந்தது. அதில் 66ஆம் பிரிவு கம்பெனிகளின் குற்றத்தைப் பற்றியது. குற்றம் நடந்தபோது கம்பெனியின் தொழிலுக்குப் பொறுப்பாக இருந்தவரும், கம்பெனியும், இருவருமே குற்றவாளிகள். இயக்குநர், மேனேஜர் முதலியோரின் சம்மதமோ, கண்டும் காணாமையோ, அசட்டையோ நிரூபணமானால் அவர்களும் குற்றவாளிகள். பல கிளைகள் இருந்தால் ஒவ்வொன்றுக்கும் உணவுப் பாதுகாப்புப் பொறுப்பாளர் ஒருவரைக் கம்பெனி நியமித்து எழுதிக் கொடுக்கலாம். அப்போது அந்தக் கிளைக்கு அவர் பொறுப்பு. குற்றம் தனக்குத் தெரியாமல் நடந்தது, அல்லது தான் முழு எச்சரிக்கை எடுத்திருந்தேன் என்று நிரூபித்தால் அவருக்கு விடுதலை உண்டு.

இங்கேதான் நம்மில் பலர் கவனிக்காத ஒரு வரி இருக்கிறது. அந்தப் பிரிவில் 'கம்பெனி' என்றால் லிமிடெட் கம்பெனி மட்டும் அல்ல. பார்ட்னர்ஷிப் கடையும் கம்பெனிதான். 'இயக்குநர்' என்றால் அதன் பார்ட்னர். வருமான வரிக்காக மனைவி பெயரையும் தம்பி பெயரையும் பத்திரத்தில் சேர்த்தவர்கள் இதை யோசிக்க வேண்டும். அன்றாட வியாபாரத்தை நடத்தாத பார்ட்னர் வெறும் பெயருக்காகப் பொறுப்பாகமாட்டார் என்று மருந்துச் சட்ட வழக்கொன்றில் 1981இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனாலும் அதைச் சொல்லி வெளியே வருவதற்குள் எத்தனை வாய்தா! தனி ஒருவர் நடத்தும் கடையில் இந்தக் கேள்வியே இல்லை. கடையும் அவரே, ஆளும் அவரே.

சில்லறை வியாபாரி எதற்குப் பொறுப்பு என்பதை 27ஆம் பிரிவு சொல்கிறது. காலாவதியான சரக்கை விற்றால், சுகாதாரமில்லாமல் வைத்தால், தவறான லேபிள் உள்ளதை விற்றால், யாரிடம் வாங்கினோம் என்று காட்ட முடியாவிட்டால், கெட்டது என்று தெரிந்தே வாங்கினால் பொறுப்பு நம்முடையது. நான்காவதை இன்னொரு முறை படியுங்கள். வாங்கிய இடம் காட்ட முடியாத சரக்கு, யார் செய்ததாக இருந்தாலும், நம் தலையில்தான் விழும். பில் இல்லாமல் இரண்டு ரூபாய் குறைவாகக் கிடைக்கிறது என்று வாங்கும் மூட்டை, எய்தவனை மறைத்துவிட்டு அம்பை மட்டும் நம் கையில் கொடுத்துவிட்டுப் போகிறது.

பில் இருந்தால் நிலைமை வேறு. 26ஆம் பிரிவின்படி, விற்பவர் தரும் பில்லே சரக்கின் தரத்துக்கு அவர் எழுதிக் கொடுத்த உத்தரவாதமாகக் கருதப்படும். அதைக் காட்டித்தான் வழக்கை டெப்போவுக்கும் ஆலைக்கும் கொண்டு செல்ல முடியும். ஆனால் தேதி கடந்த சரக்குக்கும், ஈரத்தில் போட்டுப் பூசணம் பிடித்த சரக்குக்கும் பில் கை கொடுக்காது.

செய்ய வேண்டியவை

ஒன்று: கொள்முதல் பில்லில் சரக்கின் பெயர், தயாரித்தவர் அல்லது விற்றவர் முகவரி, கூடுமானவரை பேட்ச் எண் இருக்கும்படி கேட்டு வாங்குங்கள். சரக்கு தீர்ந்தாலும் பில்லைத் தூக்கிப் போடாதீர்கள்.

இரண்டு: மாதிரி எடுக்கும்போது அதை நான்கு பாகமாகப் பிரிக்க வேண்டும். ஒரு பாகத்தை அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்துக்கு அனுப்பும்படி கேட்க நமக்கு உரிமை உண்டு. அப்போதே பில் நகலைக் கொடுத்து எழுத்தில் ஒப்புகை வாங்குங்கள்.

மூன்று: ஆய்வறிக்கை கைக்கு வந்த 30 நாளுக்குள் அப்பீல் செய்யலாம். 'பிறகு பார்த்துக்கொள்ளலாம்' என்று இருந்தால் அந்த வாய்ப்பு போய்விடும்.

நான்கு: பார்ட்னர்ஷிப்பில் கடையை நடத்துவது யார், குடோனைப் பார்ப்பது யார் என்பதைப் பத்திரத்திலேயே எழுதுங்கள். கிளைகள் இருந்தால் பொறுப்பாளரை நியமியுங்கள். சம்பளத்துக்கு இருக்கும் பையனிடம் விஷயத்தைச் சொல்லாமல் கையெழுத்து வாங்குவது பாவம்.

ஐந்து: லிமிடெட் கம்பெனி கொடுத்த செக் திரும்பி வந்தால், வழக்கில் கையெழுத்துப் போட்ட இயக்குநரை மட்டும் சேர்த்தால் போதாது, கம்பெனியையும் சேர்க்க வேண்டும் என்பது 2012ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. கம்பெனியைக் கூண்டில் ஏற்றாமல் விட்டு நாமே வழக்கைக் கெடுத்துக்கொள்ளக் கூடாது.

முத்திரை பிரியாத பாக்கெட்டில் குறை என்றால் தயாரித்தவரையும் கட்டாயம் வழக்கில் சேர்க்க வேண்டும் என்று சங்கங்கள் விடாமல் கேட்க வேண்டும். அது நியாயமான கோரிக்கை. அந்தக் கோரிக்கைக்குப் பலம் சேர்ப்பது நம் கல்லாவுக்குப் பக்கத்தில் உள்ள பில் கட்டுதான். எய்தவன் யார் என்று சொல்ல அதைவிட நல்ல சாட்சி இல்லை.